ஸ்கார்லின் கை

யாரும் கும்பிடக் கூடாத கடவுள் ஒருவர் இருக்கிறார். அவருக்குக் கோயில் கிடையாது, பலி கிடையாது, வேண்டுதல் கிடையாது. பெயர் மானா-யூத்-சுஷாய். சின்னக் கடவுள்களை எல்லாம் படைத்தவர் அவர்தான். படைத்த களைப்பில் தூங்கிப் போனார். அவர் தூங்குகிற வரைக்கும்தான் உலகங்கள் உண்டு. கண் விழித்தால் உலகங்களும் இல்லை, அவற்றை ஆளுகிற கடவுள்களும் இல்லை. அப்புறம் அவராக வேறு கடவுள்களைப் படைக்கலாம். அவர்களையும் ஒருநாள் அழிக்கலாம்.

எந்த நாட்டு மக்களும் எந்தக் காலத்திலும் இவரை நம்பியதில்லை. 1905இல் லண்டனில் எல்கின் மேத்யூஸ் பதிப்பகம் வெளியிட்ட ‘பெகானாவின் கடவுள்கள்’ என்ற சின்னப் புத்தகத்தில் பிறந்தவர் இவர். எழுதியவர் எட்வர்ட் பிளங்கெட். அயர்லாந்தின் மீத் மாவட்டத்தில் கோட்டையும் நிலபுலன்களும் உள்ள குடும்பம். டன்சனி பிரபு என்பது பட்டப்பெயர், அந்த வரிசையில் அவர் 18ஆமவர். அப்போது முப்பது வயதுகூட ஆகவில்லை. பெயர் தெரியாத எழுத்தாளர் என்பதால் அச்சுச் செலவைத் தானே ஏற்றுக்கொண்டார். சிட்னி சைம் என்ற ஓவியர் படம் வரைந்தார். இன்று கற்பனை உலகங்களையும் அவற்றுக்கான கடவுள்களையும் உண்டாக்கிக் கதை எழுதுகிறவர்கள் அத்தனை பேருக்கும் ஒரு வகையில் டன்சனி மூத்தவர்.

நான் இலக்கியம் படித்தவள் அல்ல. நர்ஸ். கும்பகோணம் பக்கத்தில் ஒரு கிராமத்தில் பிறந்து, தஞ்சாவூரில் படித்து, சென்னையிலும் ரியாத்திலும் வேலை பார்த்துவிட்டு அயர்லாந்துக்கு வந்தேன். மீத் மாவட்டத்தில் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை. எனக்கு அநேகமாக எப்போதும் நைட் டியூட்டிதான். இரவு எட்டு மணிக்கு ஹேண்ட் ஓவர் வாங்கினால் காலை எட்டு மணிக்கு ஹேண்ட் ஓவர் கொடுக்க வேண்டும். நடுவில் இருக்கிற நேரம் பகலின் நேரத்தைப் போல ஓடாது. மாத்திரை கொடுத்து, டயாப்பர் மாற்றி, படுக்கைப்புண் வராமலிருக்க இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை ஒவ்வொருவரையும் பக்கம் மாற்றிப் படுக்கவைத்து, அதை எழுதிவைத்து, முடிப்பதற்குள் முதல் அறைக்காரரைத் திரும்பவும் புரட்ட வேண்டிய நேரம் வந்திருக்கும். இதற்குள்தான் அந்தப் புத்தகம் எனக்கு வந்தது.

கொண்டு வந்தவர் அங்கே தங்கியிருந்த ஓர் ஓய்வுபெற்ற ஆசிரியர். அயர்லாந்துக் கிராமங்களில் பழைய தலைமுறைக்காரர்கள் பள்ளி ஆசிரியரை மாஸ்டர் என்றுதான் சொல்வார்கள், நம் ஊரைப் போலவே. இல்லத்தில் எல்லாருக்கும் அவர் மாஸ்டர். அதே மாவட்டத்தில் ஸ்லேன் கிராமத்துப் பக்கத்து ஆள். இதயம் பலவீனமாகிக் கால் வீங்கிக் கிடந்தது. விழித்திரை கெட்டுப்போய், பார்வையின் ஓரங்கள் மட்டும் மிச்சமிருந்தன, நடுவில் ஒன்றும் தெரியாது. ஆயுள் முழுக்கப் படித்த மனிதருக்கு எழுத்துத் தெரியாமல் போவது என்ன துன்பம் என்பதை அவர் அருகில்தான் பார்த்தேன். ஒலிப்புத்தகங்கள் வாங்கிக் கொடுத்திருந்தார்கள். பிடிக்கவில்லை. ஒரு நாள் இரண்டு மணி ரவுண்ட்ஸ் போனபோது விழித்திருந்தார். மேசை இழுப்பறையைத் திறந்து ஒரு புத்தகத்தை எடுக்கச் சொன்னார். “ஒரு பக்கம் வாசி, போதும்” என்றார்.

நின்றபடியே வாசித்தேன். பெயர்கள் வாயில் நுழையவில்லை. தயங்கினேன். “உன் வாய்க்கு எப்படி வருகிறதோ அப்படியே சொல். இந்தப் பெயர்களுக்குச் சொந்தக்கார ஊர் எதுவும் இல்லை, உன்னைத் திருத்த ஆளும் இல்லை” என்றார். அந்த நாட்டுக்கு வந்ததிலிருந்து என் ஆங்கிலத்தைக் கேட்டுப் புருவத்தைச் சுருக்கியவர்களை மட்டுமே பார்த்திருந்த எனக்கு அது பெரிய ஆறுதலாக இருந்தது. மானா-யூத்-சுஷாய் என்று தைரியமாக, கும்பகோணத்து வாயோடு சொன்னேன்.

கதை இப்படிப் போகிறது. தொடக்கத்துக்கும் முந்தைய மூட்டத்தில் விதியும் தற்செயலும் தாயம் போடுகின்றன, ஆட்டம் யாருடையது என்று தீர்மானிக்க. ஜெயித்தவர் மானாவிடம் போய்த் தனக்காகக் கடவுள்களைப் படைத்துத் தரும்படி சொல்கிறார். ஜெயித்தது விதியா தற்செயலா என்பது யாருக்கும் தெரியாது. மானா கடவுள்களைப் படைக்கிறார். கூடவே ஸ்கார்ல் என்று ஒருவனையும். அவன் ஒரு முரசு செய்துகொண்டு, மூட்டத்தின் மேல் மானாவின் காலடியில் உட்கார்ந்து அடிக்க ஆரம்பிக்கிறான். படைத்த களைப்பும் முரசின் ஒலியும் சேர்ந்து மானாவுக்குத் தூக்கம் வருகிறது. அவர் தூங்கிவிட்டதைப் பார்த்த சின்னக் கடவுள்கள் கைச்சைகையாலேயே பேசிக்கொள்கிறார்கள். பொழுது போக்க உலகங்களைப் படைக்கிறார்கள். நாம் இருப்பது அந்த விளையாட்டுக்குள். அல்லது நாமெல்லாம் முரசின் எதிரொலி என்றும், இல்லை, தூங்குகிறவருக்கு அந்தச் சத்தத்தால் வருகிற கனவு என்றும் சொல்கிறவர்கள் உண்டாம்.

ஸ்கார்லின் முரசு ஒரு நொடிகூட நிற்கக் கூடாது. நின்றால் மானா விழித்துவிடுவார். காலை, ராத்திரி, கோடை, பனி எதுவானாலும் அடித்துக்கொண்டே இருக்க வேண்டும். சில சமயம் அவன் கை சோர்ந்துபோகிறது என்று டன்சனி எழுதுகிறார். சோர்ந்தும் அடிக்கிறான்.

அந்த இடத்தில் நான் வாசிப்பதை நிறுத்திவிட்டேன். பன்னிரண்டாம் எண் அறையில் பெல் அடித்தது. போக வேண்டியிருந்தது. அந்த அம்மாளைப் புரட்டிப் படுக்கவைக்கிறபோது என் தோளில் வழக்கமாக வருகிற வலி வந்தது. ஸ்கார்லுக்கு எந்தக் கை வலித்திருக்கும் என்று நினைத்தேன். என் ஆயுளில் எந்தக் கடவுள் கதையைக் கேட்கிறபோதும் கடவுளின் பக்கத்தில் நிற்கிற வேலைக்காரனை நான் நினைத்துப் பார்த்ததில்லை.

ஊரில் எங்கள் வீட்டுக்கு மிக அருகில் சிவன் கோயில். ராத்திரி பள்ளியறைக்குச் சுவாமி போவதையும், விடியலில் நாதஸ்வரமும் தவிலும் வாசித்து அவரை எழுப்புவதையும் கேட்டு வளர்ந்தவள் நான். மார்கழியில் அந்தச் சத்தம்தான் எங்களையும் எழுப்பும். எங்களுக்கு வாத்தியம் என்பது கடவுளை எழுப்புவதற்கு. எழுந்தால்தான் எங்களுக்குப் பொழுது. ஊரில் யாருக்கும் கடவுள் தூங்குவது பயமில்லை, எழாமல் இருந்துவிடுவாரோ என்பதுதான் பயம். புராணத்திலும் அப்படித்தான். பிரம்மாவின் ஒரு பகல் 432 கோடி ஆண்டு. அது முடிந்து அவர் தூங்கப்போனால் பிரளயம், விழித்தால் மறுபடி படைப்பு. டன்சனியிடம் இது அப்படியே தலைகீழாக நிற்கிறது. அவர் நம் புராணங்களைத் திருப்பிப் போட்டார் என்று நான் சொல்ல வரவில்லை. சின்ன வயதில் பைபிளும் கிரேக்கக் கதைகளும் படித்து வளர்ந்தவர் அவர். அந்தப் புத்தகத்தின் நடையும் பழைய ஆங்கில பைபிளின் நடை. ஆனால் இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்க்க எனக்கு ஒரு ராத்திரி வேலையும் ஒரு மார்கழியும் கிடைத்திருந்தன. எங்கள் கோயிலில் பின்னால் ஆள் கிடைக்காமல் மோட்டார் வைத்த முரசு வாங்கிப் போட்டார்கள். பட்டனைத் தட்டினால் மணியும் முரசும் தானாக அடிக்கும். அதற்குக் கை சோர்வதில்லை. அதனாலேயே அதைக் கேட்டு யாரும் உருகியதும் இல்லை.

நடராஜரின் ஒரு கையில் உடுக்கை, இன்னொரு கையில் தீ. ஒலியில் படைப்பு, தீயில் அழிப்பு. இரண்டும் ஒரே உடம்பில், ஒரே ஆட்டத்தில். ஆடுகிறவரே வாத்தியத்தையும் வைத்திருக்கிறார். மாஸ்டருக்கு இதைச் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, “உங்கள் கடவுள் எல்லா வேலையையும் தானே செய்கிறார். இங்கே முரசு வேறு ஒருத்தன் கையில் இருக்கிறது. உலகம் நிற்பது கடவுளால் அல்ல, அவனால்” என்றார். அந்தப் பேச்சு எனக்குப் பிடித்திருந்தது, ஏற்றுக்கொள்ளத்தான் முடியவில்லை. எங்கள் வாக்குவாதம் அங்கே தொடங்கி மாதக் கணக்கில் போனது.

அவருடைய கட்சி இது. சின்ன வயதில் நரகத்தைச் சொல்லிச் சொல்லியே வளர்த்தார்கள்; மண்டியிட்டுக் கேட்ட பிரசங்கங்களின் பயம் எண்பது வயது தாண்டியும் அவரை விடவில்லை. மானா யாரையும் தண்டிப்பதில்லை. அவருக்குக் கோபம் கிடையாது. யாரும் பாவம் செய்ததற்காக உலகம் அழியப்போவதில்லை. தூங்குகிறவர் விழிக்கிறார், அவ்வளவுதான். சாகப்போகிற மனிதனுக்கு இதைவிட நிம்மதி வேண்டுமா என்று கேட்டார். மானா வேலையைச் செய்து முடித்துவிட்ட கடவுள். முடித்தவரைத் தொந்தரவு செய்யாதே. உனக்கு ஏதாவது வேண்டுமென்றால் இன்னும் வேலை செய்துகொண்டிருக்கிற சின்னக் கடவுள்களிடம் போ. புத்தகமும் இதையே சொல்கிறது. அதில் வருகிற ஒரு பெரிய தீர்க்கதரிசியின் பதவியே, ஒருவரைத் தவிர மற்ற எல்லாக் கடவுள்களுக்கும் உரிய பதவி.

என்னால் தாங்க முடியாதது அதுதான். எங்கள் வீட்டில் கடவுளோடு சண்டை போடுவோம். என் அம்மா, அப்பாவின் ஆபரேஷன் சமயத்தில் பூஜை அறைக் கதவைச் சாத்திவிட்டு, அவர் வீடு திரும்புகிற வரைக்கும் விளக்கேற்ற மாட்டேன் என்று சுவாமியிடம் சொல்லிவிட்டு வந்தவள். திட்டுவதற்காவது ஒருத்தர் வேண்டாமா மாஸ்டர் என்று கேட்டேன். “திட்டுவதற்கு முங் இருக்கிறான்” என்றார்.

முங், சாவுகளின் அதிபதி. கிப் உயிரை அனுப்புகிறவன், சிஷ் நேரத்தை வேட்டைநாய் போல ஏவிவிடுகிறவன், முங் கையால் ஒரு சைகை காட்டுகிறவன். அந்தச் சைகையைப் பார்த்தவர் பிறகு இல்லை. ஒரு மனிதன் ஒரு வழியே நடந்துபோகிறான். எதிரே முங் வருகிறான். ஐயோ, வேறு வழியாகப் போயிருந்தால் இவனைச் சந்தித்திருக்க மாட்டேனே என்று அந்த மனிதன் புலம்புகிறான். வேறு வழியாகப் போக உன்னால் முடிந்திருந்தால் இந்த உலகத்தின் ஏற்பாடே வேறாக இருந்திருக்கும் என்கிற மாதிரி முங் பதில் சொல்கிறான்.

இந்தப் பகுதியை நான் வாசித்த ராத்திரி மாஸ்டர் ஃபிரான்சிஸ் லெட்விட்ஜைப் பற்றிப் பேசினார். ஸ்லேன்காரர்களுக்கு டன்சனி என்றால் முதலில் நினைவுக்கு வருவது லெட்விட்ஜ்தான். 1887இல் ஏழை வீட்டில் பிறந்து, சின்ன வயதிலேயே வேலைக்குப் போய், சாலை போடுகிற கூலிகளில் ஒருவராக இருந்த கவிஞர். எழுதியதை டன்சனிக்கு அனுப்பினார். பிரபு அவரைக் கோட்டைக்கு வரவழைத்தார், தன் நூலகத்தைத் திறந்துவிட்டார், முதல் தொகுப்புக்கு முன்னுரை எழுதினார். 1914இல் போர் வந்தபோது லெட்விட்ஜ் ராணுவத்தில் சேர்ந்தார். டன்சனி அதிகாரியாக இருந்த அதே இனிஸ்கில்லிங் ஃபியூசிலியர்ஸ் படை. 1917 ஜூலை 31ஆம் தேதி பெல்ஜியத்தில், ஈப்ர நகரத்துக்கு அருகில், சக வீரர்களோடு சாலை போடுகிற வேலையில் இருந்தபோது குண்டு விழுந்து இறந்தார். வயது 29. மீத் மாவட்டத்தில் சாலை போட்டவர், அங்கேயும் சாலை போட்டுக்கொண்டிருந்தபோது போனார்.

“முங் வழியில் வந்தான், வழியைப் போட்டவன் மேலேயே வந்தான்” என்றார் மாஸ்டர். டன்சனி இதை எழுதியபோது லெட்விட்ஜுக்குப் பதினெட்டு வயதுகூட நிரம்பியிருக்காது, இருவருக்கும் அறிமுகமும் இல்லை. கற்பனையாக எழுதியது பின்னால் தன் சொந்த ஊர்ப் பையன் மேல் வந்து விழுந்ததை அந்தப் பிரபு எப்படித் தாங்கினார் என்பதுதான் மாஸ்டரை வாழ்நாள் முழுக்க உறுத்திய கேள்வி. வகுப்பில் ஒவ்வொரு வருஷமும் பிள்ளைகளுக்கு லெட்விட்ஜைப் பாடம் எடுத்திருக்கிறார். நாங்கள் இதைப் பேசியது 2017இல். அந்த ஜூலையில் லெட்விட்ஜ் இறந்து 100 ஆண்டு. ஸ்லேனில் அவர் பிறந்த வீடு இப்போது நினைவகம். அங்கே போக வேண்டும் என்று மாஸ்டர் ஆசைப்பட்டார். சக்கர நாற்காலியில் உட்கார்ந்தாலே மூச்சு வாங்கியது. டாக்டர் வேண்டாம் என்றுவிட்டார்.

இத்தனை பெரிய விஷயங்களுக்கு நடுவில் நான் மனசைக் கொடுத்தது வீட்டுத் தெய்வங்களிடம். பெகானாவின் ஆயிரம் வீட்டுத் தெய்வங்கள். பூனையைத் தடவிக்கொடுப்பதற்கு ஒன்று, நாயைச் சமாதானம் செய்வதற்கு ஒன்று, தணலுக்கு ஒன்று, தூசிக்கு ஒன்று. ராத்திரிச் சத்தங்களுக்கு வொஹூன். அமைதிக்கு ஹிஷ். எல்லாரையும்விட எனக்கு நெருக்கமானவர் ஜாபிம். உடைந்துபோன பொருள்களின் கடவுள் அவர். வீட்டுக்குப் பின்புறம் உட்கார்ந்துகொண்டு, வேண்டாம் என்று எறியப்பட்டவற்றுக்காக அழுகிறவர். முதியோர் இல்லத்தில் வேலை பார்க்கிறவர்களுக்கு இவரை அறிமுகப்படுத்தவே வேண்டாம். ஒரு கால் செருப்பு, கொக்கி உடைந்த ஜெபமாலை, கண்ணாடியின் ஒற்றைக் கை, பேட்டரி தீர்ந்த காது மெஷின், யாருடையது என்று தெரியாத பல்செட். பெயர் தெரிந்தால் எழுதி ஒட்டி ஓர் அட்டைப்பெட்டியில் போட்டு வைப்போம். சில சமயம் பொருளுக்கு உரியவர் போய்ச் சேர்ந்த பிறகும் பெட்டியில் அது இருக்கும். தூக்கிப்போட எனக்குக் கை வராது. அந்தப் பெட்டி இருந்த அலமாரியை மாஸ்டரும் நானும் ஜாபிமின் கோயில் என்று சொல்லிக்கொள்வோம். படைப்பும் அழிப்பும் என்று பெரிய வார்த்தையில் பேசுகிற புத்தகத்தில், உடைந்த ஒரு கிண்ணத்துக்காக அழவும் ஒருவரை உட்காரவைத்தாரே, அந்த ஒரு காரியத்துக்காகவே டன்சனியை நான் பெரிய எழுத்தாளர் என்பேன்.

குளிர் தொடங்கியபோது மாஸ்டர் படுத்தவர் எழுந்திருக்கவில்லை. சாப்பாடு நின்றது. சிரிஞ்ச் டிரைவர் வைத்தோம், மார்ஃபின் சொட்டுச்சொட்டாகப் போக. அறைக் கதவில் ஊதா நிறத்து அட்டையை மாட்டினோம். வெள்ளையில் மூன்று இழைச் சுருள் வரைந்த அட்டை, உள்ளே ஒருவர் விடைபெற்றுக்கொண்டிருக்கிறார், சத்தம் வேண்டாம் என்பதற்கு அந்த நாட்டு அடையாளம். அதே மாதிரிச் சுருள் ஸ்லேனுக்குப் பக்கத்தில் நியூகிரேஞ்ச் என்ற 5,000 ஆண்டுப் பழைய கல்லறை மேட்டுக்குள் கல்லில் கொத்தியிருக்கிறது.

கடைசி ராத்திரி அவருடைய தங்கை மகள் பக்கத்தில் இருந்தார். மூச்சு மாறிவிட்டிருந்தது. மெல்ல ஆரம்பித்து, ஒவ்வொன்றும் முந்தையதைவிட ஆழமாக ஏறி, உச்சிக்குப் போய், பிறகு படிப்படியாக இறங்கி, நின்றுவிடும். ஒன்றும் இருக்காது. அரை நிமிஷம்கூட அப்படியே. அந்தப் பெண் என் முகத்தைப் பார்ப்பார். பிறகு எங்கிருந்தோ ஒரு சின்ன மூச்சு, மறுபடி ஏற்றம். இதற்குச் செயின்-ஸ்டோக்ஸ் மூச்சு என்று பெயர். நர்சிங் வகுப்பில் பாடமாகப் படித்தது. ஜான் செயின், வில்லியம் ஸ்டோக்ஸ் என்ற அந்த இரண்டு டாக்டர்களும் டப்ளினில் வேலை பார்த்தவர்கள். ஒருவர் 1818இலும் மற்றவர் 1854இலும் எழுதிவைத்தார்கள். இதயம் தளர்ந்து ரத்தம் மூளைக்குத் தாமதமாகப் போய்ச் சேருவதால், மூச்சை நடத்துகிற மையம் முதலில் அதிகமாகத் தள்ளி, பிறகு மறந்து நின்று, திரும்ப நினைவு வந்து தள்ளுகிறது. காரணம் எனக்குத் தெரியும். எத்தனையோ பேரிடம் கேட்டிருக்கிறேன். அன்றைக்கு மட்டும் அது எனக்கு ஸ்கார்லின் கையாகக் கேட்டது. சோர்கிறது, சோர்ந்தும் அடிக்கிறது. ஒவ்வொரு நிறுத்தத்திலும் என் உடம்பு முழுக்கக் காதாகியது. நான் வேண்டிக்கொண்டேன். மாஸ்டரின் சொல்லை மீறி, தூங்குகிறவரையே கூப்பிட்டு, எங்கள் ஊர்ச் சுவாமி பெயரைச் சொல்லி வேண்டிக்கொண்டேன். பிழைக்கவைக்கச் சொல்லி அல்ல. அந்தக் கைக்கு இனி ஓய்வு கொடு என்று.

மூன்றரை மணிக்கு மேல் ஒரு நிறுத்தம், அதற்கு அப்புறம் ஒன்றும் வரவில்லை. நேரம் பார்த்து எழுதினேன். தங்கை மகள் எழுந்து ஜன்னலைத் திறந்தார். உயிர் வெளியே போக வழிவிடுவது அங்கே வழக்கம். குளிர் உள்ளே அடித்தது. அடுத்த அறையில் நான்கு மணிக்குப் புரட்ட வேண்டியவர் இருந்தார், அதற்கடுத்த அறையிலும். கையைக் கழுவிக்கொண்டு போனேன்.

உலகத்தின் முடிவைப் பற்றி டன்சனி எழுதிய இடத்தில் மானா விழித்ததும் என்ன செய்கிறார் என்பதைவிட, ஸ்கார்ல் என்ன செய்கிறான் என்பதுதான் எனக்கு முக்கியம். முரசை முதுகில் மாட்டிக்கொண்டு உலகங்களுக்கு அப்பால் இருக்கிற வெறுமைக்குள் நடந்துபோகிறான். வேறு ஒரு கடவுளிடம் வேலைக்குச் சேரலாம், அல்லது அழிந்தே போகலாம். எது நடந்தாலும் அவனுக்கு ஒன்றுதான், அவன் தன் வேலையைச் செய்துவிட்டான். இருபத்தாறு, இருபத்தேழு வயதுப் பணக்காரப் பிள்ளை, கோட்டைக்காரக் குடும்பத்தில் பிறந்தவர், ஒரு வேலைக்காரனுக்கு இந்த மரியாதையைக் கொடுத்திருக்கிறார். பின்னால் எத்தனையோ பேர் இந்தக் கற்பனையிலிருந்து எடுத்துக்கொண்டார்கள். 1919இல் பாஸ்டனில் டன்சனி பேசுவதை நேரில் போய்க் கேட்ட அமெரிக்க எழுத்தாளர் லவ்கிராஃப்ட், பிரபஞ்சத்தின் நடுவில் முரசுகளும் குழல்களும் சூழ, புத்தியில்லாமல் கிடக்கிற அசதோத் என்ற கடவுளைப் படைத்தார். படிக்கப் பயமாக இருக்கிறது. ஆனால் அங்கே வாசிக்கிறவர்களுக்குப் பெயர் இல்லை, சோர்வு இல்லை. எல்லாரும் தூங்குகிற கடவுளை எடுத்துக்கொண்டார்கள். உட்கார்ந்து அடிக்கிறவனை விட்டுவிட்டார்கள். என்னைக் கேட்டால் அந்தக் கண்டுபிடிப்பின் உயிரே அவனிடம்தான் இருக்கிறது.

புத்தகம் இப்போது என்னிடம். தங்கை மகள் கொடுத்தார். என் மகள் நாவன் என்ற ஊரில் பள்ளிக்கூடம் போகிறாள். சிநேகிதிகளோடு டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் என்ற கற்பனை உலக விளையாட்டை ஆடுவாள். ஆட்டத்தை நடத்துகிறவள் அவள்தான், அதனால் அந்த உலகத்துக்கு ஒரு கடவுளை உண்டாக்க வேண்டிய பொறுப்பும் அவளுடையது. படைக்கவும் அழிக்கவும் தெரிந்த கடவுள் ஒன்று வேண்டும் என்றாள். மானாவின் கதையைச் சொன்னேன். சோபாவில் காலை மடக்கி உட்கார்ந்து கேட்டாள். ஸ்கார்லின் கை சோர்கிற இடம் வந்ததும் முகம் சுளித்தாள்.

“ஒருத்தர் மட்டுமாம்மா? எப்பவுமேவா? லீவே கிடையாதா?”

“கிடையாது.”

“அது அநியாயம். என்னோடதுல ரெண்டு பேர் இருக்காங்க. நைட்டுக்கு ஒருத்தி, டேக்கு ஒருத்தி.”

“சரி, மாத்திக்கிறப்போ முரசு நின்னுடுமே? ஒரு நொடி நின்னாலும் அவர் எழுந்துடுவாரே?”

யோசித்தாள். ஹேண்ட் ஓவர் எப்படி நடக்கும் என்று என்னிடமே கேட்டாள். சொன்னேன். காலையில் வருகிறவர்கள் எட்டு மணிக்குக் கொஞ்சம் முன்னாடியே வந்துவிடுவார்கள், நாங்கள் உடனே போய்விட மாட்டோம், ஒவ்வொரு அறையாகச் சேர்ந்து நடப்போம், யார் எப்படித் தூங்கினார்கள், யாருக்கு எங்கே வலி என்று சொல்லிக்கொண்டே. அந்தக் கொஞ்ச நேரம் இரண்டு பேருமே டியூட்டியில் இருப்போம். நோட்டை எடுத்து வேகமாக எழுதினாள். அவளுடைய உலகத்தில் வருகிறவள் முதலில் அடிக்க ஆரம்பிக்க வேண்டும். இருக்கிறவளின் தாளம் அவள் கையில் பிடிபடுகிற வரைக்கும் இரண்டு பேரும் சேர்ந்து அடிக்க வேண்டும். பிறகுதான் முதல் ஆள் கையை எடுக்கலாம். எடுத்த பிறகு அவளுக்குச் சாப்பிட என்ன கொடுக்கலாம் என்று கேட்டாள். சூடாக ஏதாவது, முதலில் டீ என்றேன். அதையும் எழுதிக்கொண்டாள்.